மரப் பாலம் தாண்டி வந்த பட்டாணிப் பருப்பு

பருப்புப் பார்க்கிற வேலையில் முதலில் போவது பல். எனக்கு இதுவரை நாலு போயிருக்கிறது. மூட்டையில் கையை விட்டு ஒரு மணியை எடுத்து, கடைவாயில் வைத்துக் கடித்து, "சரி" அல்லது "திருப்பி அனுப்பு" என்று சொல்வதுதான் என் தொழில். இதில் என்ன கஷ்டம் என்று கேட்பவர்கள் இத்தோடு நிறுத்திக்கொள்ளலாம். கடையில், கிடங்கில், அடுப்படியில் நின்று வாடிக்கையாளரிடம் வாங்கிக் கட்டிக்கொண்டவர்கள் மட்டும் உட்காருங்கள். நாமெல்லாம் ஒரே கூட்டம்.

சிங்கப்பூரில் சிராங்கூன் சாலையிலிருந்து பிரிகிற ஒரு சந்தில் எங்கள் மொத்தப் பருப்புக் கடை. முதலாளி சாந்தி. அவளுடைய அப்பா காலத்திலிருந்து நான் இங்கே இருக்கிறேன். எங்கள் பட்டாணிப் பருப்பும் மைசூர்ப் பருப்பும் கனடாவின் மேற்குச் சமவெளியில் ஓர் ஊராட்சியிலிருந்து வருகின்றன. அங்கே வால்ட்டர் என்று ஒருவன். விதைப்பது, அறுப்பது, கொட்டகையில் போட்டு உடைப்பது, மூட்டை கட்டுவது எல்லாம் அவனே. அவன் பண்ணைக்கும் மற்ற உலகத்துக்கும் நடுவில் ஓர் ஓடை. ஓடைமேல் ஒரு மரப் பாலம்.

போன வருஷம் அந்தப் பாலத்தை மூடிவிடலாம் என்று ஊராட்சி யோசித்தது. மூடினால் கன்டெய்னர் லாரி உள்ளே வராது. லாரி வராவிட்டால் வால்ட்டர் நிலத்தை யாரிடமாவது விட்டுவிட்டு டவுனுக்குப் போக வேண்டியதுதான். நான் வேறு எவனுடைய பருப்பையோ கடிக்க வேண்டியதுதான். அதற்கு வருகிறேன். முதலில் சில்லறை விஷயங்கள்.

சண்டைக்கு ஆள் இல்லாத ஊர்

தேக்கா சந்தையில் வடை போடுகிற லெட்சுமி எங்கள் பழைய வாடிக்கை. வாரம் இரண்டு மூட்டை பட்டாணிப் பருப்பு எடுப்பாள். நான் சொல்கிற எதையும் அவள் ஒரே தடவையில் நம்பியதில்லை. ஒருநாள் மூட்டைமேல் ஒட்டியிருந்த தாளைப் படித்துவிட்டு, "கனடாவா? அங்க பனிதானே அண்ணே விளையும்?" என்றாள். பனி ஆறு மாசம், பருப்பு மூணு மாசம், மிச்சம் மூணு மாசம் சேறு என்றேன். நம்பவில்லை.

நீளமாகப் பேசுவது எனக்குப் பிடிக்காது. அன்றைக்கு மழை, கடையில் கூட்டமில்லை, பேசினேன். அந்த ஊராட்சி நம்ம தீவைவிடக் கொஞ்சம் பெரிசு. கிழக்கே சாங்கியிலிருந்து மேற்கே துவாஸ் வரைக்கும் ஒரே வயல் என்று வைத்துக்கொள். ஒரு கடை, ஒரு வரிசை தபால் பெட்டி, ஐஸ் ஹாக்கி ஆட ஒரு கொட்டகை. மொத்த ஜனத்தையும் கூட்டி வந்து புக்கிட் பாத்தோக்கில் என் அடுக்குமாடி பிளாக்கில் குடிவைத்தால் பாதி வீடு காலியாகவே கிடக்கும். பக்கத்து வீட்டில் விளக்கு எரிவது தெரியும். போய்க் கதவைத் தட்ட காரில் கால் மணி நேரம் ஆகும்.

லெட்சுமி குடையை மடக்காமலே நின்று கேட்டாள். முகத்தில் உண்மையான கவலை. "அவ்ளோ பெரிய இடத்துல அவ்ளோ கொஞ்சம் பேருன்னா, ஒரு சண்டை போடணும்னா யாருகிட்டதான் அண்ணே போடுவாங்க?"

ஒரே குரல்

பனி உருகுகிற மாசத்தில் அங்கே ரோடு கஞ்சி மாதிரி ஆகிவிடும். கனத்த வண்டி போகக் கூடாது என்று தடை போடுவார்கள். தடை எடுத்தாயிற்றா என்று தெரியாமல் கப்பலில் இடம் பிடிக்க முடியாது. அதனால் ஊராட்சி ஆபீசுக்கு நானே போன் போட்டேன். இங்கே விடியற்காலை ஆறு, அங்கே முந்தின நாள் சாயங்காலம் நாலு.

ஒரு பெண் குரல் எடுத்தது. ரோடு டிபார்ட்மென்ட் வேண்டும் என்றேன். "ஒரு நிமிஷம்" என்றது. கொஞ்ச நேரம் காகிதம் புரளும் சத்தம். பிறகு அதே குரல், "ரோடு டிபார்ட்மென்ட், சொல்லுங்க." எனக்குக் கோபம் வந்துவிட்டது. நான் சிங்கப்பூரிலிருந்து பேசுகிறேன், விளையாட வேண்டாம், மேலதிகாரியைக் கூப்பிடு என்றேன். "ஒரு நிமிஷம்." மறுபடி காகிதம். மறுபடி அதே குரல். "மேலதிகாரி பேசறேன்."

டெனிஸ் என்று பெயர். அந்த ஆபீசில் அவர் ஒருவர்தான். வரி, ரோடு, நாய் லைசென்ஸ், களைச் செடி, கல்லறை இடம் எல்லாம் அவர் மேஜை. அப்படியென்றால் எலெக்‌ஷன் யார் நடத்துவார்கள் என்று கேட்டேன், கிண்டலாகத்தான். டெனிஸ் அசரவில்லை. "அதுவும் நான்தான் சார். ஆனா அந்த டிபார்ட்மென்ட்டுக்கு இப்போ லீவு. நாலு வருஷத்துக்கு ஒருதரம்தான் வேலைக்கு வரும்."

இரண்டு பேர் கடித்தது

ஒரே ஒரு தடவை அங்கே போயிருக்கிறேன். செப்டம்பர் மாசம், அறுப்பு நேரம், மூன்று வாரம். சாந்தியின் அப்பா அனுப்பினார். அப்படி ஒரு தட்டையான தரையை நான் பார்த்ததில்லை. தூரத்தில் லாரி வருகிறது என்று பார்த்துவிட்டு, டீ போட்டுக் குடித்து, கோப்பையையும் கழுவிக் கவிழ்த்தால்தான் லாரி வாசலுக்கு வரும்.

வால்ட்டர் என்னைவிடக் கம்மியாகப் பேசுகிறவன். எனக்குப் பிடித்துப்போயிற்று. கொட்டகையில் ஒரு குவியலுக்கு முன்னால் நிறுத்தினான். நான் ஒரு மணியை எடுத்துக் கடைவாயில் வைத்தேன். திரும்பிப் பார்த்தால் அவனும் ஒரு மணியைக் கடைவாயில் வைத்திருக்கிறான். அங்கேயும் அப்படித்தானாம். "டக்" என்று உடைந்தால் காய்ந்தது. பல்லோடு ஒட்டினால் ஈரம். இரண்டு பேரும் கடித்தோம். இரண்டு பேரும் தலையை ஆட்டினோம், ஈரம். வால்ட்டர் ஈரம் அளக்கிற மெஷினில் ஒரு கை பருப்பைப் போட்டுப் பார்த்தான். மெஷின் காய்ந்தது என்றது.

குவியலை இரண்டு நாள் காற்றில் போடலாம் என்று நான் சொன்னேன். அவன் மெஷினைத் தட்டினான், குலுக்கினான், மூடியைத் திறந்து பார்த்துவிட்டு மூலையில் வைத்தான். அந்த வாரத்தில் அவன் பேசிய மிக நீளமான பேச்சு இதுதான்: "இதுக்கு வருஷா வருஷம் புது பேட்டரி. நமக்கு வருஷா வருஷம் பல் டாக்டர். ஒண்ணும் வித்தியாசமில்லை."

ஒற்றை விரல்

அந்த ஊர் ரோட்டில் எதிரே வண்டி வந்தால் ஸ்டீயரிங்கிலிருந்து ஆள்காட்டி விரலை மட்டும் தூக்க வேண்டும். தெரிந்தவனோ தெரியாதவனோ, தூக்கியே ஆக வேண்டும். ஒரு நாளைக்கு நாலு வண்டிதான் எதிரே வரும், அதனால் விரலுக்குச் சிரமமில்லை. வால்ட்டர் பக்கத்தில் உட்கார்ந்து மூன்று வாரம் நானும் தூக்கினேன். யார் அது என்று ஒருதரம் கேட்டதற்கு, "தெரியாது. அதனாலதான் தூக்கறேன்" என்றான்.

சிங்கப்பூர் திரும்பிய மறுநாள் காலையில் பிளாக்குக்குக் கீழே பஸ் ஸ்டாப் பக்கமாக நடந்துகொண்டிருந்தேன். எதிரே பஸ் வந்தது. விரல் தானாக எழுந்துவிட்டது. நம்ம ஊரில் கை காட்டினால் பஸ் நிற்கும் என்பது மறந்துபோச்சு. நின்றது. கதவு திறந்தது. உள்ளே முப்பது பேர் என்னைப் பார்க்கிறார்கள். டிரைவர் நம்ம ஆள். "அங்கிள், ஏறுங்க" என்றார். ஏறவில்லை, சும்மா ஒரு மரியாதைக்கு என்றேன்.

டிரைவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். கதவை மூடுவதற்கு முன்னால் சொன்னார்: "பதினோரு வருஷமா ஓட்டுறேன் அங்கிள். மரியாதைக்குப் பஸ்ஸை நிப்பாட்டுனது நீங்க ஒருத்தர்தான் லா."

வீட்டில்

ஒருநாள் சாம்பாரில் பருப்பு சரியில்லை. எந்தக் கடையில் வாங்கினாய், பழைய சரக்கு, நிறமும் செத்திருக்கிறது, எவனோ உன் தலையில் கட்டிவிட்டான் என்று மனைவியிடம் கால் மணி நேரம் சொன்னேன். அவள் உள்ளே போய்ப் பொட்டலத்தைக் கொண்டுவந்து தட்டுக்குப் பக்கத்தில் வைத்தாள். எங்கள் கடைப் பொட்டலம். நான் கடித்து "சரி" சொன்ன சரக்கு. "வீட்டுக்கு வந்தா பல்லைக் கழட்டி வெச்சிட்டுச் சாப்பிடுங்க" என்றாள்.

வேகாத பருப்பு

வீட்டோடு போயிருந்தால் பரவாயில்லை. அடுத்த வாரமே புரோட்டாக் கடை ஜமால் வந்து நின்றார். ஜமாலுக்குக் காலை ஐந்து மணிக்குப் பருப்புக் கறி கொதித்துக் கரைந்திருக்க வேண்டும். அன்றைக்கு ஆறரைக்கும் பருப்பு தனி, தண்ணீர் தனி. "அண்ணே, இதை வெச்சு நான் கறி வெக்கவா, பிள்ளைங்களுக்குப் பல்லாங்குழி ஆடக் கொடுக்கவா?" என்றார். கடைக்குள் நாலு பேர் கேட்கிற மாதிரி.

உடனே வால்ட்டருக்குப் போன் போட்டேன். பழைய சரக்கைக் கலந்துவிட்டாய், என் பெயர் கெட்டுவிட்டது என்று சத்தம் போட்டேன். அவன் கேட்டுக்கொண்டிருந்தான். கடைசியில் ஒரே கேள்வி. "எங்கே வெச்சிருக்கே?" போனைக் கையில் வைத்துக்கொண்டே மாடிக்கு ஏறினேன். ஜனவரி மழையில் கீழே தண்ணீர் வந்துவிடும் என்று மூட்டைகளை மாடியில் தகரக் கூரைக்குக் கீழே ஏற்றச் சொன்னவன் நான்தான். இறக்கச் சொல்ல மறந்தவனும் நான்தான். நாலு மாச வெயில். பருப்பு சூட்டிலும் புழுக்கத்திலும் கிடந்தால் இறுகிவிடும். அப்புறம் எத்தனை விசில் விட்டாலும் வேகாது. இது எனக்குத் தெரியாத விஷயமா? அவ்வளவு மூட்டையையும் அரைவைக்குத் தள்ளினோம்.

சாரி என்றேன். மறுமுனையில் இழுப்பறையைத் திறந்து துழாவுகிற சத்தம். "இரு, பேனா தேடறேன். இருபது வருஷத்துல உன்னோட முதல் சாரி. காலண்டர்ல எழுதி வைக்கணும்."

நாலு பேர்

இனி பாலம். போன வருஷம் ஒரு விடியற்காலையில் டெனிஸே போன் செய்தார். அவராகக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. மரப் பாலத்தின் தூண்கள் உளுத்துவிட்டன. புதுப் பாலம் கட்ட ஊராட்சிக்கு வசதியில்லை. அந்த ரோட்டில் பாலத்துக்கு அப்பால் ஒரே ஒரு குடும்பம். மூடிவிடலாமா என்று அடுத்த மாசம் கூட்டத்தில் ஓட்டு. "நான் இதைச் சொல்லக் கூடாது. ஆனா நோட்டீஸ் எல்லாருக்கும் பொது. ரோட்டை உபயோகிக்கிறவங்க யாரும் எழுதி ஆட்சேபிக்கலாம்னு அதுல இருக்கு" என்றார்.

வால்ட்டரைக் கூப்பிட்டேன். சுற்றிப் போக இன்னொரு வழி இருக்கிறது, வெறும் மண். மழை பெய்தால் டிராக்டரே புதையும், கன்டெய்னர் லாரியைப் பற்றிப் பேச வேண்டாம். பெரிய பண்ணைக்காரன் ஒருவன் நிலத்தைக் கேட்டிருக்கிறானாம். டவுனில் ஒரு வீடு பார்த்துவிட்டு வந்தேன், ஜன்னலைத் திறந்தால் அடுத்த வீட்டுச் சுவர் தெரிகிறது என்றான். அவன் குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. அதுதான் எனக்கு ஆகவில்லை.

ஆட்சேபித்து எழுதினாயா என்று அதட்டினேன். வால்ட்டர் கணக்குச் சொன்னான்: "ரோட்டை உபயோகிக்கிறது நான், என் மனைவி, தபால்காரி, நாய். அதுல நாய் பாலத்தை நம்பாது, தண்ணியில இறங்கித்தான் போகும்."

உபயோகிக்கிறவர்கள்

அன்றைக்கு முழுக்க எனக்கு வேலை ஓடவில்லை. உபயோகிக்கிறவர்கள் என்றால் யார்? வண்டி ஓட்டுகிறவன் மட்டுமா? சாயங்காலம் ஒரு தாளில் மேலே நாலு வரி எழுதினேன். கீழே பெயர், வேலை, இந்த ஊர்ப் பருப்பை எப்போது சாப்பிடுகிறீர்கள், கையெழுத்து என்று கட்டம் போட்டேன். சாந்தியிடம் நீட்டினேன். "அங்கிள், அவங்க சிரிப்பாங்க" என்றாள். சிரிக்கட்டும், நீ போடு என்றேன். போட்டாள். கட்டத்தில் "தினமும், வேறு வழியில்லை" என்று எழுதினாள்.

லெட்சுமி கடையில் ஒரு தாள், ஜமால் கடையில் ஒரு தாள். ஞாயிற்றுக்கிழமை தேக்காவில் என்ன கூட்டம் என்று உங்களுக்குத் தெரியும். புரோட்டா சாப்பிட வருகிறவனுக்கெல்லாம் ஜமால் முதலில் பேனாவைக் கொடுத்தார். கையெழுத்து போட்டால்தான் இரண்டாவது கரண்டி கறி. எனக்குக் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருந்தது. இப்படி மிரட்டி வாங்கலாமா பாய் என்றேன்.

ஜமால் கரண்டியை நிறுத்தவில்லை. "மிரட்டலா? அண்ணே, பாலம் போச்சுன்னா முதல் கரண்டியே கிடையாது. அதைத்தான் முன்கூட்டியே காட்டுறேன்."

செல்வம் பார்த்த படம்

அந்த வரிசையில் ஒருவன் மட்டும் பேனாவை வாங்கிக்கொண்டு கையெழுத்து போடவில்லை. செல்வம் என்று பெயர். புதுக்கோட்டைப் பக்கம், ஷிப்யார்டில் கனத்த இரும்பு தூக்கிப் பொருத்துகிற வேலை. "எந்தப் பாலம்யா? படம் இருக்கா?" என்றான். போனில் வால்ட்டர் அனுப்பிய படத்தைக் காட்டினேன். பெரிதாக்கினான், சுருக்கினான், போனைச் சாய்த்துப் பார்த்தான். புரோட்டா ஆறிக்கொண்டிருந்தது.

"இதுக்குப் பாலமே வேணாம்யா" என்றான். எனக்கு எரிச்சல் வந்தது. அதைத்தானே அவர்களும் சொல்கிறார்கள்! அவன் தாளைத் திருப்பிப் பின்பக்கத்தில் மூன்று வட்டம் வரைந்தான். மூன்று பெரிய இரும்புக் குழாய், பக்கத்தில் பக்கத்தில். தண்ணீர் அதற்குள்ளே போகும். மேலே மண்ணை அடித்து இறுக்கினால் அதுவே ரோடு. எங்க ஊர்ப் பக்கம் வாய்க்காலுக்கு வாய்க்கால் இதுதான், பஸ்ஸே போகும் என்றான். ஓடை அகலம், ஆழம், பனி உருகும்போது தண்ணீர் எவ்வளவு ஏறும் என்று மூன்று கேள்வி கேட்டு ஓரத்தில் எழுதினான். எனக்குத் தெரியவில்லை. கேட்டு வைக்கிறேன் என்றேன்.

அப்புறம்தான் தாளைத் திருப்பிக் கையெழுத்து போட்டான். எப்போது சாப்பிடுகிறீர்கள் என்ற கட்டத்தைப் பார்த்துக் கொஞ்சம் யோசித்தான். "ஞாயித்துக்கிழமை இங்கனு எழுதுறேன்யா. மத்த நாள் டார்மிட்டரி சாப்பாட்டுல வர்றது இந்தப் பருப்பா இருந்தா, நானே போய் அந்தப் பாலத்தை மூடிருவேன்."

அதிகார வரம்பு

தாள்களை சாந்தி படமெடுத்து அனுப்பினாள். வட்டங்கள் வரைந்த பின்பக்கமும் சேர்த்துத்தான். மொத்தக் கையெழுத்து அந்த ஊராட்சியின் ஜனத்தொகையைத் தாண்டிவிட்டது. இரண்டு நாளில் டெனிஸிடமிருந்து பதில். எல்லாவற்றையும் வரிசை எண் போட்டுப் பதிந்துவிட்டாராம். ஒரே ஒரு சந்தேகம் என்று எழுதியிருந்தார். தொண்ணூற்றிரண்டாவது நபர் கட்டத்தில் எழுதியிருப்பதை மொழிபெயர்த்துப் பார்த்தேன், புரியவில்லை என்றார்.

தாளை எடுத்துப் பார்த்தேன். லெட்சுமி கடையில் வரிசையில் நின்ற யாரோ ஓர் அம்மா. கையெழுத்து வாங்குகிறார்கள் என்றதும் நம்ம பிளாக் விஷயம் என்று நினைத்துவிட்டார்போல. "எங்க வீட்டு லிஃப்ட் ஆறாவது மாடியில குலுங்குது, பாத்து செய்யவும்" என்று எழுதியிருந்தார். விளக்கி ஒரு வரி அனுப்பினேன், அந்தப் பெயரை அடித்துவிடவும் என்று. டெனிஸ் அடிக்கவில்லை. ஊராட்சி முத்திரையோடு முறைப்படி பதில் வந்தது: "தங்கள் மனு எண் தொண்ணூற்றிரண்டு பரிசீலிக்கப்பட்டது. இந்த ஊராட்சியில் ஆறாவது மாடி இல்லை என்பதை வருத்தத்துடன் தெரிவித்துக்கொள்கிறோம்."

மூன்று நிமிஷம்

கூட்டம் அங்கே சாயங்காலம் ஏழு மணிக்கு. இங்கே மறுநாள் காலை ஒன்பது. சாந்தி கடையின் பின்பக்கம் மூட்டைமேல் லேப்டாப்பை வைத்தாள். திரையில் நீள மேஜை, ஏழு பேர், எல்லாரும் விவசாயிகள், தொப்பி போட்ட தலைவர் நடுவில். ஓரத்தில் டெனிஸ் எழுதிக்கொண்டிருந்தார். கடைசி நாற்காலியில் வால்ட்டர், இஸ்திரி போட்ட சட்டையில். அவனை அப்படிப் பார்க்க எனக்கு என்னமோ போல இருந்தது. எனக்கு மூன்று நிமிஷம் என்றார் தலைவர்.

ஒரு நிமிஷம் போதும் என்றேன். உங்கள் பாலத்தில் நாலு பேர் போகிறார்கள் என்று எழுதியிருக்கிறீர்கள், தப்பு. காலை ஐந்துக்கு ஜமால் கடையில் தொடங்கி, ஷிப்யார்ட் ஆள், பஸ் டிரைவர், பள்ளிக்கூடப் பிள்ளை, அத்தனை பேரும் உங்கள் பாலத்தைத் தாண்டித்தான் சாப்பிடுகிறார்கள். பாலத்துக்கு வழியில்லையென்றால் குழாய் போடுங்கள். உட்கார்ந்தேன். தலைவர் நல்ல மனுஷன்தான். குழாய் யோசனை எங்களுக்கும் வந்தது, ஒரு குழாய் வசந்தகாலத் தண்ணீருக்குப் போதாது என்று விட்டுவிட்டோம் என்றார். "மூணு போடு" என்றேன். டெனிஸ் எழுந்து செல்வத்தின் வட்டங்களை எல்லார் முன்னாலும் வைத்தார். மண் என் நிலத்திலிருந்து எடுத்துக்கொள்ளலாம், கொட்டி அடிக்க மெஷினும் என்னுடையது என்றான் வால்ட்டர். தொப்பியைக் கையில் வைத்து உருட்டிக்கொண்டிருந்தான்.

அந்த நேரம் பார்த்து லெட்சுமி தட்டோடு உள்ளே வந்தாள். கூட்டம் என்று சொல்லியிருந்தேன், கூட்டத்துக்கு வடை கொண்டுவருவதுதான் அவளுக்குத் தெரிந்த முறை. திரையைப் பார்த்ததும் தட்டை அதன் முன்னால் நீட்டினாள். அது என்ன என்றார் தலைவர். உங்க ஊர்ப் பட்டாணி என்றேன். ஏழு தலையும் திரைக்குக் கிட்டே வந்தன. சாந்தி ஒன்றை எடுத்துக் கடித்தாள். அந்தச் சத்தம் கனடா வரைக்கும் கேட்டிருக்கும். ஓரத்தில் இருந்த ஓர் ஆள், "நாங்க இதை மாட்டுக்குப் போடறோம்" என்று மெதுவாகச் சொன்னார். சாந்தி அதைத் தமிழில் சொன்னாள். லெட்சுமி திரைக்குள்ளே போய்விடுகிற மாதிரி குனிந்து, தமிழிலேயே கேட்டாள்: "மாட்டுக்கா? அண்ணே, அந்த மாட்டுக்குச் சட்னி யாரு அரைச்சுக் குடுக்குறா?"

ஏழு கை

சாந்தி அதையும் மொழிபெயர்த்தாள். சிரித்து முடிக்க அவர்களுக்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று. ஓட்டு என்றதும் சிரிப்பு நின்றது. குழாய் போட்டு ரோட்டை வைத்துக்கொள்ளலாம் என்பவர்கள் கை தூக்கலாம் என்றார் தலைவர். ஒரு கை. இரண்டு. மாட்டுக்காரர் தூக்கினார், மூன்று. அப்புறம் யாரும் இல்லை. வால்ட்டர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். இங்கே லெட்சுமிக்கு ஒன்றும் புரியாவிட்டாலும் என் சட்டைக் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். நான் வாய்க்குள் கிடந்த ஒரு பட்டாணி மணியை உடைத்தே விட்டேன். பல் ஒன்று ஆடியது.

தலைவர் தாளை இன்னொரு தரம் புரட்டினார். கையெழுத்துகளை ஒவ்வொன்றாகப் பார்க்கிற மாதிரி. பிறகு தொப்பியைக் கழற்றி மேஜைமேல் வைத்துவிட்டுத் தன் கையைத் தூக்கினார். ஏழில் நாலு, ரோடு தப்பித்தது. டெனிஸ் எழுதினார். வால்ட்டர் எழுந்து வெளியே போய்விட்டான். கோபம் இல்லை, அவன் அப்படித்தான். தலைவர் திரையைப் பார்த்துச் சொன்னார்: "நான் மூடத்தான் வந்தேன். ஆனா இவ்ளோ பேர் போற ரோட்டை மூடினா, எனக்குத் தெரியாத ஊர்லயெல்லாம் என்னைத் திட்டுவாங்க."

பாலம் எங்கே?

கோடையில் குழாய்கள் இறங்கின. மூன்றுதான். வால்ட்டர் மண்ணைக் கொட்டினான், பக்கத்து ஊர்க்காரர்கள் தங்கள் மெஷினோடு வந்து இறுக்கினார்கள். செல்வத்தின் மூன்று கேள்விக்கும் பதில் அனுப்பியிருந்தான், செல்வம் சொன்னபடி குழாயை ஒரு அடி கீழே இறக்கினார்கள். படத்தை செல்வத்திடம் காட்டினேன். நல்லாயிருக்கு என்று சொல்லவில்லை. "ஓரத்துல புல்லு போடச் சொல்லுங்கய்யா, இல்லேன்னா மண்ணு அரிக்கும்" என்றான். சொன்னேன். போட்டார்கள்.

அறுப்பு முடிந்து முதல் கன்டெய்னர் லாரி போன அன்றைக்கு வால்ட்டர் கூப்பிட்டான். ஹலோ என்றான். நானும் ஹலோ என்றேன். நன்றி என்று ஏதாவது சொல்லித் தொலைக்கப் போகிறானோ என்று எனக்குப் பயமாகவே இருந்தது. சொல்லவில்லை. "லாரி டிரைவர் வருஷத்துக்கு ஒருதரம் வர்றவன். இறங்கி நின்னு, இங்க இருந்த பாலம் எங்கேன்னு கேட்டான். சிங்கப்பூர்ல சாப்பிட்டுட்டாங்கன்னு சொன்னேன்."

ஆக, என் வீட்டில் என் பேச்சை ஒருவரும் காதில் போட்டுக்கொள்வதில்லை, ஆளே இல்லாத ஓர் ஊரில் கேட்டு, எழுதி, ஓட்டும் போட்டு, மூணு குழாயையும் இறக்கிவிட்டார்கள்.